அத்தாவின் டிராக்டர்

புதன்கிழமை

பக்கவாதம் வந்து தோல் மண்டி வேலையை விட்ட பிறகு, அத்தாவுக்கு என் கம்ப்யூட்டரில் இருக்கும் விவசாய கேம்தான் பொழுதுபோக்கு. வலது கையால் மட்டும் மவுஸைப் பிடித்து, இரண்டு மாதமாகத் தக்காளி விற்று, கேமில் ஒரு டிராக்டர் வாங்கப் பணம் சேர்த்துக்கொண்டிருந்தார்.

மகனான எனக்கு அவர் படும் பாட்டைப் பார்க்கப் பொறுக்கவில்லை. இன்று அவர் தூங்கும்போது, கேமின் மெமரிக்குள் புகுந்து எண்களை மாற்றும் மென்பொருளைப் போட்டு, அவர் சேர்த்திருந்த நாலாயிரத்து இருநூறை ஒன்பது லட்சமாக்கினேன். சந்தோஷப்படுவார் என்று நினைத்தேன்.

எழுந்து வந்தவர் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"யார்லே இதப் பண்ணுனது?"

"நான்தான் அத்தா. டிராக்டர் வாங்குங்க."

"நானாச் சம்பாரிக்கிறதுக்கு இது ஒண்ணுதாம்ப்பா இருந்துச்சு."

கட்டிலுக்குப் போய்ச் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துவிட்டார்.

உடனே உட்கார்ந்து பழைய தொகையைத் திரும்ப வைத்தேன். "அத்தா, நீங்க சேத்த காசு அப்படியே இருக்கு. வந்து பாருங்க" என்றேன்.

அவர் திரும்பவில்லை.

"அதுவும் இப்ப நீ போட்டதுதானப்பா."

ராத்திரி வரை அவர் கம்ப்யூட்டர் பக்கமே வரவில்லை. நான்தான் அணைத்தேன்.