லாலி பேசிய படங்கள்

மாத்ரித்
11 மார்ச் 1979

என் அன்புள்ள லாலி,

நீயும் மார்ட்டியும் நலமா? உன் வீட்டுக்காரனுடைய முதுகுவலி எப்படி இருக்கிறது? பஸ் ஓட்டுகிறவனுக்கு ஐம்பது தாண்டினால் முதுகுவலி ஒரு பங்காளி மாதிரி, கேட்காமலே வந்து உட்கார்ந்துகொள்ளும் என்று அவனே ஒருமுறை சொன்னான்.

இங்கே ஒரு செய்தி. போன வாரம் என்னிடம் கதை சொல்ல வந்தார்கள். கதாநாயகனுக்கு அம்மா வேஷம். கதாநாயகன் யார் தெரியுமா? அந்தக் கடற்கரைப் படத்தில் என்னைத் துரத்தித் துரத்திக் காதலித்தானே, அவனேதான். என்னைவிட மூன்று வயது இளையவன். இயக்குநர் என்கிற அந்தப் பொடியன், "கொஞ்சம் நரை மட்டும் வச்சிட்டா பிரமாதமா இருப்பீங்க மேடம்" என்றான். காபிக்கு நன்றி சொல்லிவிட்டு எழுந்து வந்துவிட்டேன். நடித்தது போதும் லாலி. நாற்பத்தொன்று ஆகிவிட்டது.

இத்தனை வருஷமாகத் திரையில் நான் வாயைத் திறந்தால் உன் குரல்தான் வந்திருக்கிறது. முதல் படத்திலேயே, "முகம் சொர்க்கம், வாயத் தொறந்தா அல்மெரியா மீன் மார்க்கெட்டு" என்று என் ஊர்ப் பேச்சைக் கேலி செய்து என் குரலை எடுத்துவிட்டார்கள். என் வசனத்தையெல்லாம் பேசிய மகராசி யாரென்று பார்த்துச் சண்டை போடத்தான் பார்சலோனாவுக்கு ரயில் ஏறினேன். நீ மைக் முன்னால் நின்றபடி திரும்பிப் பார்த்து, "வாடி, நீதானா அது? மூச்சு விடாம பேசிட்டுப் போயிட்ட, நான் இங்க செத்துக்கிட்டிருக்கேன்" என்றாய். அன்றைக்குச் சிரித்த சிரிப்பில்தான் சிநேகிதியானோம்.

இப்போது நான் எழுத ஆரம்பித்திருக்கிறேன். திரைக்கதை. என் அம்மாவைப் பற்றி. அப்பா ஜெர்மனிக்கு வேலைக்குப் போய்ப் பன்னிரண்டு வருஷம் கழித்துத் திரும்பி வந்தார். அம்மா கதவைத் திறக்கவில்லை. அவ்வளவுதான் கதை. முப்பது பக்கம் இதோடு வைத்திருக்கிறேன். முகத்துக்காகச் சொல்லாதே, உண்மையைச் சொல்.

உன்
செலி

பார்சலோனா
2 ஏப்ரல் 1979

அன்புள்ள செலி,

காரியம் இருந்தால்தான் உனக்கு என் முகவரி நினைவுக்கு வருகிறது. போகட்டும், இந்தக் காரியத்துக்காக மன்னித்தேன்.

பக்கங்களை இரண்டு தடவை படித்தேன். உன் அம்மா ஹோட்டல் படுக்கை விரிப்புகளைத் துவைக்கும் இடமெல்லாம் கண்ணுக்கு முன்னால் நிற்கிறது. சோப்பு வாசனை வருகிறது. ஆனால் மூடிய கதவுக்குப் பின்னால் நின்று அவள் பேசுகிறாளே, அது ஆகவே ஆகாது. துணி துவைத்த கையோடு வந்தவள் பாதிரியார் மாதிரி பிரசங்கம் செய்வாளா? நான் சமையலறையில் சத்தமாகப் பேசிப் பார்த்தேன். மார்ட்டி ஓடி வந்து, "ஏய், நான் என்னடி பண்ணேன்? எதுக்கு இப்படிக் கோவிச்சுக்கற?" என்றான். பாதியை வெட்டு. பிறகு அதிலும் பாதியை வெட்டு. அவள் அவனிடம் சாப்பிட்டாயா என்று கேட்கட்டும். கேட்டுவிட்டுக் கதவைத் திறக்காமல் இருக்கட்டும்.

எனக்கு இங்கே மைக் முன்னால் பழைய கதைதான். காலையில் அமெரிக்கக்காரன் பெண்டாட்டி, மத்தியானம் பிரெஞ்சுக் கொலைகாரி. எனக்குக் கொலைகாரிதான் பிடிக்கிறது.

உனக்குச் சொல்லியிருக்கிறேனா தெரியவில்லை, பத்தொன்பது வயதில் நான் நாடகத்தில் நடிக்கத் தேர்வுக்குப் போனேன். வசனம் பேசி முடித்ததும் தேர்வு செய்ய உட்கார்ந்திருந்தவன் பக்கத்திலிருந்தவனிடம், "வெளக்க அணைச்சிட்டுக் கேட்டா நல்லாத்தான் இருக்கு" என்றான். எனக்குக் கேட்காது என்று நினைத்திருப்பான். அன்றைக்கே டப்பிங் ஸ்டுடியோ படியேறினேன். இதை எதற்குச் சொல்கிறேன்? உன் பக்கங்களைப் படித்தபோது ஏனோ ஞாபகம் வந்தது.

எழுது. நிறுத்தாதே.

லாலி

மாத்ரித்
20 நவம்பர் 1980

என் லாலி,

எழுதி முடித்துவிட்டேன். இயக்கப் போவதும் நான்தான்!

ஏழு தயாரிப்பாளர்களைப் பார்த்தேன். ஒருவர் சிரித்தே விட்டார். "நீச்சலுடையில ஓடினவ கேமராவுக்குப் பின்னாடி நின்னா, நாங்க எங்க பாக்கறது?" என்றார். கடைசியில் எவரிஸ்தோ என்று ஒருவர், பருத்த மனிதர், படிக்கும்போதே சுருட்டை அணைத்துவிட்டார். "அந்தக் கதவுக் காட்சிய மட்டும் எவனும் தொடக்கூடாது, எடும்மா" என்றார். நீ வெட்டச் சொன்ன காட்சிதான். அதில் பாதிக்கு மேல் உன்னுடையது.

இப்போது உட்கார்ந்துகொண்டு படி. அம்மா வேஷத்துக்கு நீதான். குரலுக்கு மட்டும் இல்லை. நீயே, முழுசாக. எழுதும்போதெல்லாம் என் அம்மா உன் முகத்தோடுதான் வந்து நின்றாள். உன் கண்ணுக்குக் கீழே இருக்கும் அந்தக் களைப்பு எந்த நடிகையிடம் கிடைக்கும்? விளக்கை அணைக்கச் சொன்னவன் எங்கேயாவது உயிரோடு இருந்தால் டிக்கெட் வாங்கிப் பார்க்கட்டும்.

முடியாது என்று எழுதினால் ரயிலேறி வந்து உன் வீட்டு வாசலில் உட்கார்ந்துவிடுவேன்.

உன்
செலி

பார்சலோனா
22 ஜனவரி 1981

அன்புள்ள செலி,

இரண்டு மாதமாகப் பதில் எழுதவில்லை என்று திட்டியிருப்பாய். எழுதி எழுதிக் கிழித்தேன்.

ராஜாக்கள் பண்டிகைப் பரிசாக மார்ட்டி எனக்கு என்ன கொடுத்தான் தெரியுமா? பிரித்துப் பார்த்தால் பெரிய நிலைக்கண்ணாடி. "நடிகை வீட்ல இது இல்லன்னா நல்லாவா இருக்கும்?" என்றான். அதன் முன்னால் நின்று கொஞ்ச நேரம் அழுதேன். பிறகு நடிக்க ஒப்புக்கொள்கிறேன் என்று அவனிடம் சொன்னேன். உனக்கு முன்னால் அவனுக்குத்தான் தெரியும், கோபித்துக்கொள்ளாதே.

ஸ்டுடியோவில் எல்லாரும் சேர்ந்து எனக்கு விருந்து வைத்தார்கள். ஒலிப்பதிவாளர் கிழவர் வெர்மூத் மதுக் கோப்பையைத் தூக்கி, "இருபத்தஞ்சு வருஷமா இருட்டுல வச்சிருந்தோம், கொஞ்சம் வெயில் படட்டும்" என்றார். கீழ்வீட்டு மருந்துக்கடைக்காரி இப்போது என்னைப் பேர் சொல்லிக் கூப்பிடுகிறாள். கொல்லையில் விரிப்புகளைத் துவைத்துப் பழகுகிறேன். கை வெடித்துவிட்டது. உன் அம்மாவுக்கும் இப்படித்தானே இருந்திருக்கும்?

பயமாக இருக்கிறது செலி. என் முகத்தை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை. நீ பக்கத்தில் நில்.

லாலி

அல்மெரியா
27 மே 1981

அன்புள்ள லாலி,

இந்தக் கடிதத்தை எப்படித் தொடங்குவது என்று தெரியவில்லை.

மழையால் படப்பிடிப்பு நிற்கிறது, கூப்பிடும்வரை வீட்டில் இரு என்று சொல்லி உன்னை அனுப்பிவைத்தேன். இங்கே மழை பெய்யவில்லை. அல்மெரியாவில் மே மாதம் மழை என்றால் யார் நம்புவார்கள்? நீ நம்பியது போல முகத்தை வைத்துக்கொண்டு ரயிலேறினாய்.

படத்துக்குப் பாதிப் பணம் ரோம்காரர்கள் போடுகிறார்கள். நீ நடித்த நான்கு நாள் ரஷ்ஷை, வெட்டி ஒட்டாத படச்சுருளை, அப்படியே அவர்களுக்கு அனுப்பினோம். "யார் இந்த அம்மா?" என்று கேட்டார்கள். அவர்கள் ஊரில் பெயர் பெற்ற நடிகை ஃபியோரென்சாவைப் போட்டால்தான் மேற்கொண்டு நடக்கும் என்கிறார்கள். எவரிஸ்தோவும் அவளேதான் வேண்டும் என்று பிடிவாதமாக இருக்கிறார். நான் எவ்வளவோ சொல்லிப் பார்த்தேன். இது என் முதல் படம். இது நின்றுபோனால் இன்னொரு பெண்ணின் கையில் இந்த நாட்டில் யாரும் கேமராவைத் தர மாட்டார்கள். என் நிலையை நீ புரிந்துகொள்வாய்.

இன்னொன்றும் கேட்க வேண்டும். கேட்கவே கூசுகிறது. ஃபியோரென்சாவுக்கு நம் மொழி வராது. வாயை மட்டும் அசைக்கிறாள். அவளுக்கு நீதான் பேச வேண்டும். வேறு யார் பேசினாலும் அது என் அம்மா இல்லை.

பதில் எழுது. திட்டியாவது எழுது.

உன்
செலி

பார்சலோனா
9 ஜூன் 1981

மதிப்பிற்குரிய இயக்குநர் அராசெலி மொந்தோரோ அவர்களுக்கு,

தங்கள் கடிதம் கிடைத்தது. செப்டம்பர் இரண்டாம் வாரம் எனக்கு வேலை இல்லை. வசனங்களை முன்கூட்டியே அனுப்பினால் மூன்று நாளில் முடித்துக் கொடுப்பேன். தங்க இடம் நானே பார்த்துக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஏவ்லாலியா புஜாதெஸ்

மாத்ரித்
3 மார்ச் 1982

என் லாலி,

இது நான் எழுதும் நான்காவது கடிதம். முந்தைய மூன்றும் வந்து சேர்ந்தன என்று மார்ட்டி போனில் சொன்னான். "நல்லா இருக்கா, வேலைக்குப் போயிருக்கா" என்று மட்டும் சொல்லிவிட்டு வைத்துவிட்டான். முதுகைப் பற்றிக் கேட்கக்கூட விடவில்லை.

செப்டம்பரில் அந்த மூன்று நாளும் நீ ஒலிப்பதிவு அறைக் கண்ணாடிக்கு அந்தப் பக்கமே நின்றாய். "இன்னொரு தடவை வேண்டுமா?" என்பதைத் தவிர என்னிடம் வேறு ஒரு வார்த்தை பேசவில்லை. ஒவ்வொரு தடவையும் வேண்டாம் என்று சொல்ல வேண்டியிருந்தது, ஏனென்றால் முதல் தடவையே சரியாக இருந்தது. கடைசி நாள் நமக்காகக் கீழே உணவு விடுதியில் மேஜை போட்டு வைத்திருந்தேன். நீ வரவேயில்லை. உனக்குப் பிடித்த கணவாய்ப் பொரியலை நான் தனியாகச் சாப்பிட்டேன்.

படம் ஓடுகிறது. வடக்கே ஒரு விழாவில் பரிசும் கிடைத்தது. சிறந்த நடிகை என்று ஃபியோரென்சாவுக்கும் ஒன்று. அவள் மேடையில் உன் பெயரைச் சொன்னாள். பத்திரிகைக்காரர்கள் அதை எழுதவில்லை.

அடுத்த கதை எழுதிக்கொண்டிருக்கிறேன். அதில் ஒரு பஸ் ஓட்டுநரின் மனைவி வருகிறாள். நீ செய்வாயா? இந்த முறை யார் வந்து என்ன சொன்னாலும் விட மாட்டேன்.

உன்
செலி

பார்சலோனா
16 மே 1982

செலி,

பதில் எழுத வேண்டாம் என்றுதான் இருந்தேன். போன ஞாயிற்றுக்கிழமை மார்ட்டி எங்கள் தெருக் கொட்டகைக்கு என்னை இழுத்துக்கொண்டு போனான். உன் படத்தைப் பார்த்தேன். நன்றாக இருக்கிறது. நீ நடிகையாக இருந்ததைவிட இயக்குநராக நன்றாக இருக்கிறாய். இதைச் சொல்லாமல் விட்டால் நான் அற்பமானவள் ஆகிவிடுவேன்.

கதவுக் காட்சியில் எங்களுக்குப் பின்னால் இருந்த ஒருத்தி விசும்பினாள். "இத்தாலிக்காரி என்னமா பேசறா பாரேன்" என்று பக்கத்தில் இருந்தவளிடம் சொன்னாள். மார்ட்டி திரும்பி ஏதோ சொல்லப் போனான். நான் அவன் கையைப் பிடித்துக்கொண்டேன்.

இனிச் சொல்ல வேண்டியதைச் சொல்கிறேன். கடைசி நாள் உன் மேஜைக்கு நான் வராததற்குக் காரணம் கோபம் இல்லை. முதல் நாள் எவரிஸ்தோ என்னை ரயிலடியிலிருந்து காரில் கூட்டிவந்தார். வழியில் அவராகவே பேசினார். "ரோம்காரங்க கேட்டது நெஜந்தாம்மா. ஆனா செலி ஒரு தடவ முடியாதுன்னிருந்தா நான் வேற எடத்துல பணத்தப் பொரட்டியிருப்பேன். அவகிட்டயும் அதத்தான் சொன்னேன். உங்க ரஷ்ஷப் பாத்து நானே கண்ணத் தொடச்சவன். அவ ராத்திரி யோசிச்சிட்டு, காலையில வந்து, ஃபியோரென்சாவையே வரச் சொல்லுங்கன்னா. மனசுல வச்சுக்காதீங்க." நல்ல மனிதர். எனக்கு ஆறுதல் சொல்வதாகத்தான் நினைத்தார்.

நீ எனக்கு எழுதியது வேறு.

வேஷத்தை எடுத்தது பெரிதில்லை செலி. ஓரங்கட்டப்படுவது எனக்குப் பழக்கம்தான். பயந்துவிட்டேன் என்று ஒரு வரி எழுதியிருந்தால், அன்றைக்கே ரயிலேறி வந்து உன் பக்கத்தில் உட்கார்ந்து ரோம்காரர்களைச் சேர்ந்து திட்டியிருப்பேன். ஃபியோரென்சாவுக்கும் சந்தோஷமாகப் பேசிக் கொடுத்திருப்பேன். உன் முகத்துக்குப் பேசியவள் நான். நீ எந்த இடத்தில் பொய்யாகச் சிரிக்கிறாய் என்று எனக்குத் தெரியாதா? அந்தக் கடிதத்தைப் படித்தபோதே எங்கேயோ இடித்தது. நான்தான் என்னைச் சமாதானப்படுத்திக்கொண்டேன்.

பஸ் ஓட்டுநர் மனைவி வேஷத்துக்கு வேறு ஆளைப் பார்த்துக்கொள். குரல் வேலை ஏதாவது இருந்தால் ஸ்டுடியோ முகவரிக்கு எழுது. வேலை என்றால் மறுக்க மாட்டேன். வீட்டுக்கு எழுதாதே.

மார்ட்டியின் முதுகு அப்படியேதான் இருக்கிறது.

லாலி

மாத்ரித்
30 அக்டோபர் 1988

அன்புள்ள லாலி,

நீ சொன்னபடி ஸ்டுடியோ முகவரிக்குத்தான் எழுதுகிறேன். நீ இன்னும் அங்கே போகிறாயா என்றுகூட எனக்குத் தெரியாது.

மூன்று படம் எடுத்துவிட்டேன். இரண்டாவது ஓடவில்லை. அந்த ஓட்டுநர் மனைவியைக் கதையிலிருந்தே எடுத்துவிட்டேன். வேறு யாரையும் அதில் வைத்துப் பார்க்க முடியவில்லை. கதை நொண்டியாகிப் போயிற்று. எல்லா விமர்சகர்களும் என்னவோ குறைகிறது என்று எழுதினார்கள். என்ன குறைகிறது என்று அவர்களுக்குத் தெரியவில்லை.

இப்போதெல்லாம் நடிக்கும்போதே பேச்சையும் பதிவு செய்துவிடுகிறார்கள். மூன்றாவது படத்தில் ஒரு சின்ன வேஷத்தில் நானே நடித்தேன், என் ஊர்ப் பேச்சிலேயே. நான் முதல் வசனம் பேசியதும் கொட்டகையில் சிலர் சிரித்தார்கள். அப்புறம் சிரிக்கவில்லை. வீட்டுக்கு வந்ததும் போனை எடுத்து உன் எண்ணைப் பாதிவரை சுழற்றிவிட்டு வைத்துவிட்டேன்.

எவரிஸ்தோவிடம் பதில் சொல்வதற்கு முந்தின ராத்திரி முழுக்க உன் ரஷ்ஷைப் போட்டுப் பார்த்தேன் லாலி. நீ நன்றாகத்தான் செய்திருந்தாய். அதனால்தான் பயந்தேன். படம் தோற்றால், ஊர் பேர் தெரியாதவளைப் போட்டாள், அதனால்தான் என்பார்கள். ஜெயித்தால் எல்லாம் உன்னால்தான் என்பார்கள். இரண்டையும் யோசித்தேன். உன்னை யோசிக்கவில்லை. இந்த வரியை எழுத எனக்கு ஏழு வருஷம் ஆகியிருக்கிறது.

மார்ட்டியைக் கேட்டதாகச் சொல்.

குரல் வேலை ஒன்றும் இல்லை, லாலி. சும்மாதான் எழுதினேன்.

செலி