ஒரு ராத்தல் லேகியத்துக்கு எல்லை பெர்மிட் கேட்டு

அனுப்புவது:
த. சத்தியபாய்,
மிஷன் பள்ளிக்கூட உதவி ஆசிரியை
(தற்சமயம் வேலையிலிருந்து நிறுத்தி வைக்கப்பட்டிருப்பவர்),
நாகர்கோவில்.

பெறுவது:
எக்சைஸ் மேலதிகாரி அவர்கள்,
திருவிதாங்கூர் சமஸ்தானம்.

விஷயம்: கஞ்சா சேர்ந்த லேகியத்துடன் எல்லை கடக்க முயன்ற வழக்கில் எனக்கு நேர்ந்தவை பற்றிய புகாரும், அதே லேகியத்துடன் மறுபடி எல்லை கடக்க அனுமதி கேட்பதும்.

மதிப்பிற்குரிய ஐயா,

சென்ற ஜனவரி 9-ந் தேதி தங்கள் இலாகாவின் எல்லைச் சௌக்கையில் பிடிபட்ட கஞ்சாக் குற்றவாளி நான்தான். பதினாறு வருஷமாகச் சிறு பெண்களுக்கு வாய்ப்பாடும் வேதபாடமும் சொல்லிக் கொடுத்து வந்தேன். எங்கள் சபை மதுவிலக்குச் சங்கத்தின் பெண்கள் பகுதிக்கு எட்டு வருஷம் காரியதரிசியாகவும் இருந்தேன். இப்படிப்பட்ட வேஷங்களுக்குள் ஒளிந்திருந்த என்னைக் கண்டுபிடித்த தங்கள் இலாகாவின் கூர்மையைப் பாராட்டிவிட்டு, என் குறையைச் சொல்லத் தொடங்குகிறேன்.

1. என் தங்கை ஜெபகனிக்கு வயது முப்பத்திரண்டு. வள்ளியூரில் பஞ்சு ஆலை மேஸ்திரியாக இருக்கும் நேசையனுக்கு வாழ்க்கைப்பட்டவள். ஏழு வயதில் ஒரு மகள் இருக்கிறாள். வள்ளியூர் இங்கிலீஷ் சர்க்கார் பூமியில் இருப்பது அவள் செய்த முதல் தவறு. இரண்டாவது தவறு, வயிற்றில் கட்டி வந்தது. ஆஸ்பத்திரியில் டாக்டர் வயிற்றைத் திறந்து பார்த்துவிட்டு, அப்படியே தைத்து அனுப்பினார். இனி நோயைப் பார்ப்பதற்கில்லை, வலியை மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள் என்றார். அவர் கொடுத்த அபினி மருந்து அவள் வயிற்றில் ஒரு நாழிகைகூடத் தங்கவில்லை.

2. சிதறால் கிருஷ்ணமணி வைத்தியர் கருப்பட்டிப் பாகில் சுக்கு, மிளகு, ஏலம் பொடித்துப் போட்டு, நெய்யில் வறுத்த கஞ்சா இலை சேர்த்து ஒரு லேகியம் கிண்டிப் பரணியில் அடைத்துக் கொடுத்தார். இலை வாங்கியது சர்க்கார் லைசென்ஸ் பலகை தொங்கும் கடையில், பட்டப்பகலில். வைத்தியர் சொன்னதை அப்படியே எழுதுகிறேன்: “நெல்லிக்கா அளவு, சாயங்காலம் ஒரு நேரமாக்கும். உடனே கேக்கல்லேண்ணு ரெண்டாவது உருண்டை குடுக்காண்டாம். வயித்துல எறங்கி வேலை செய்ய ரெண்டு மணிக்கூறு பிடிக்கும்.” தாங்கள் இந்தக் கடைசி வாக்கியத்தை மட்டும் மனதில் வைத்துக்கொண்டால் போதும். தங்கள் சௌக்கையில் யாரும் அதைச் செய்யவில்லை.

3. முதல் பரணியை நவம்பர் மாதம் நேசையனே வந்து வாங்கிப் போனார். அவர் எந்தச் சட்டத்தையும் விசாரிக்கவில்லை. ஆகவே தடையில்லாமல் ஊர் போய்ச் சேர்ந்தார். (அவர் இங்கிலீஷ் சர்க்காரின் பிரஜை. அவரைப் பிடிப்பதற்குத் தங்களுக்கும் ஒரு பெர்மிட் வேண்டியிருக்கும் என்று நினைக்கிறேன்.) நாலு மாதமாக உட்கார்ந்தபடியே விடியவைத்தவள் முதல் நாளே படுத்து உறங்கினாள் என்றும், எழுந்ததும் கஞ்சி கேட்டாள் என்றும், மகளுக்குத் தலை பின்னிவிட்டாள் என்றும் கடிதம் வந்தது.

4. நேசையனுக்கு ஆலையில் லீவு கிடைக்காததால் இரண்டாவது பரணியை நானே கொண்டுபோக வேண்டியதாயிற்று. படித்த பெண் என்ற கர்வத்தால், புறப்படும் முன் சட்டம் என்ன சொல்கிறது என்று கேட்கப் போனேன். என் கஷ்டங்களுக்கெல்லாம் காரணம் இதுதான். லைசென்ஸ் கடைக்காரர், “வாங்கினது சர்க்கார் சரக்காக்கும், பிறகு யாரு கேப்பா?” என்றார். தங்கள் இலாகாவின் உள்ளூர் ஆபீஸ் குமாஸ்தா, லேகியம் என்பது மருந்து, அது எக்சைஸ் விஷயமே அல்ல என்றார். அவருக்கு மேலே இருந்தவர், கருப்பட்டி சேர்ந்திருப்பதால் அது தின்பண்டம் என்று அபிப்பிராயப்பட்டார். சமஸ்தானத்துக்குள் வைத்திருக்கலாம் என்பதில் எல்லோரும் ஒரே வாக்கு. எல்லை தாண்டலாமா என்றபோது மட்டும் எழுதிக் கொடுக்கச் சொன்னார்கள். எழுதிக் கொடுத்தேன். இருபத்தாறு நாள் கழித்து, தக்க ஆதாரங்களுடன் நேரில் வரும்படி பதில் வந்தது. ஆதாரம் என்றால் எது என்று கேட்டேன். என் தங்கையைக் கொண்டுவர வேண்டுமா, அவள் கட்டியை மட்டும் கொண்டுவந்தால் போதுமா என்பதற்கு இன்றுவரை விளக்கமில்லை.

5. அதற்குள் வள்ளியூரில் பரணி காலியாகிவிட்டது. ஜனவரி 9, சனிக்கிழமை காலை பஸ்ஸில் ஏறினேன். டிரைவர் இராஜாக்கமங்கலம் ஜான்ரோஸ் என் மடியிலிருந்த பரணியைப் பார்த்து மணத்தாலேயே விஷயத்தைப் புரிந்துகொண்டார். “டீச்சரம்மா, கேட்டா மருந்துண்ணு மட்டும் சொல்லுங்க. உள்ள என்ன கெடக்குண்ணு நாம எதுக்குச் சொல்லணும்?” என்றார். பொய் சொல்வது பாவம் என்று அவருக்கு நான் எடுத்துச் சொன்னேன். அவர் மரியாதையுள்ள மனிதர், சிரிக்கவில்லை.

6. சௌக்கையில் இன்ஸ்பெக்டர் ஐயா, “இது என்னவாக்கும்?” என்றார். நான் சுக்கில் தொடங்கிக் கஞ்சா வரை வரிசையாகச் சொன்னேன். அதே பஸ்ஸில் ஒரு கனவான் மூன்று பெரிய பெட்டிகளுடன் வந்திருந்தார். தான் கனவான் என்று அவர் சொன்னதே போதுமானதாயிருந்தது, பெட்டிகள் திறக்கப்படவில்லை. என்னை இறக்கிவிட்டுப் பஸ் போயிற்று.

7. பிறகு பரிசோதனை நடந்தது. சௌக்கையில் ரசாயனச் சாமான் எதுவும் கிடையாது. காவல் சேவகர் முத்துநாயகம் இருந்தார். இன்ஸ்பெக்டர் ஐயாவின் உத்தரவுப்படி அவர் ஒரு விரலால் எடுத்து நக்கினார். “நல்ல இனிப்பு சார். வேற ஒண்ணும் தெரியல்ல” என்றார். சரியாகத் தெரிவதற்காக ஓர் உருண்டை தின்றார். கால் மணி கழித்தும் தெரியாததால் இன்னொன்று. வேண்டாம், இது தாமதமாகத்தான் வேலை செய்யும் என்று இரண்டு தடவை நான் கெஞ்சினேன். வழக்கின் எதிரியாகிய நான் சாட்சியைக் கலைக்கிறேன் என்று எச்சரிக்கப்பட்டேன். முத்துநாயகம் நாலாவது உருண்டையையும் முடித்து, நெய் கொஞ்சம் கூடுதல் என்று குற்றம் சொன்னார். முக்கால் மணி நேரமாயிற்று. அவர் கல் மாதிரி நின்றார். இன்ஸ்பெக்டர் ஐயா பரணியை என் பக்கம் தள்ளி, “இதுல ஒரு மண்ணும் இல்ல. எடுத்துட்டுப் போங்கம்மா, நேரத்தைக் கெடுக்காதீங்க” என்றார்.

ஐயா, அந்த நிமிஷத்தில் நான் நிரபராதி. அடுத்த பஸ் வந்திருந்தால் இன்றும் நிரபராதியாகவே இருந்திருப்பேன். பஸ் வருவதற்கு ஒன்றரை மணி நேரம் இருந்தது. லேகியத்துக்கு அவ்வளவு நேரம் தேவைப்படவில்லை.

8. முத்துநாயகம் முதலில் சிரித்தார். பிறகு, போன வருஷம் செத்துப்போன தன் காளையின் பெயரைச் சொல்லி அழுதார். ஒரு மாட்டுவண்டி வந்து நின்றபோது வழித்தடுப்புக் கம்பைத் தூக்க மறுத்தார். “அது ஒறங்குது, எழுப்பாண்டாம்” என்று அதைத் தட்டிக் கொடுத்தார். வண்டிகள் நாலாயின. அதன்பின் மார்பைப் பிடித்துக்கொண்டு, “சார், நான் சாவப்போறேன், வீட்டுல சொல்லி விடுங்க” என்று தரையில் உட்கார்ந்தார். இன்ஸ்பெக்டர் ஐயா அவரைவிட அதிகமாக வியர்த்தார். நான் எழுந்து போய் அந்த மனிதரை நிழலில் ஒருக்களித்துப் படுக்க வைத்தேன். தண்ணீர் கொடுத்தேன். பயப்படாதே, யாரும் சாகமாட்டார்கள், உறங்கினால் சரியாகிவிடும் என்று அவர் கையைப் பிடித்துக்கொண்டிருந்தேன். என் தங்கைக்குச் செய்ய வேண்டியதைத்தான் அவருக்குச் செய்தேன்.

இந்த உபகாரம் மகஜரில் பதிவாகியிருக்கிறது. “கஞ்சா மயக்கத்தைக் கையாளுவதில் எதிரி நீண்ட பழக்கமுள்ளவராகக் காணப்பட்டார்” என்று இன்ஸ்பெக்டர் ஐயா தம் கைப்பட எழுதியிருக்கிறார். ஒரு ராத்தல் லேகியத்தில் குறைந்துபோன கால் ராத்தலுக்கு நேரே “சோதனையில் செலவு” என்றிருக்கிறது.

9. கோர்ட்டில் மாஜிஸ்திரேட் ஐயா பொறுமையாக விளக்கினார். இந்தப் பக்கம் லைசென்ஸ் கடையில் வாங்கி வைத்திருப்பது குற்றமல்ல. அந்தப் பக்கமும் அப்படியே (அங்கே கடை உண்டு, இந்த லேகியம் கிண்டத் தெரிந்த வைத்தியர்தான் இல்லை). இங்கிருந்து அங்கே பெர்மிட் இல்லாமல் கொண்டுபோவதுதான் குற்றம், அதை உருண்டையாக்கினாலும் பாகாக்கினாலும் குற்றம் குறையாது. இதைவிடத் தெளிவாக யாரும் எனக்குச் சொன்னதில்லை. இவ்வளவு தெளிவான விஷயத்தைத் தெரிந்துகொள்ள ஒருவர் முதலில் எதிரிக் கூண்டில் ஏற வேண்டியிருக்கிறது என்பதுதான் என் புகார். அபராதம் கட்டிவிட்டேன். அதைப் பற்றி இந்த மனுவில் எதுவும் கேட்கவில்லை. பள்ளிக்கூட மானேஜர் விசாரணை முடியும்வரை வகுப்புக்கு வர வேண்டாம் என்றார். மதுவிலக்குச் சங்கத்தார் எனக்காக விசேஷ ஜெபம் நடத்தினார்கள். என்னை அழைக்கவில்லை.

10. நான் பிடிபட்டதிலிருந்து பன்னிரண்டு நாள் ஜெபகனி உறங்கவில்லை. வலி பொறுக்காமல் தலையணை ஓரத்தைக் கடித்துக் கிழித்துவிட்டாள் என்று நேசையன் எழுதினார். அதை இரண்டு தடவை படித்த பிறகுதான் சட்டத்தில் ஓர் இடைவெளி இருப்பதைக் கண்டேன். மருந்து எல்லை தாண்டக் கூடாது. நோயாளி தாண்டலாம். வலிக்குப் பெர்மிட் தேவையில்லை.

ஜனவரி 21-ந் தேதி அவளைப் பஸ்ஸில் பாய் விரித்துப் படுக்க வைத்துக் கொண்டுவந்தோம். ஜான்ரோஸ் வழியெல்லாம் ஒவ்வொரு குழிக்கும் பஸ்ஸை நிறுத்தி நிறுத்தி ஓட்டினார். நேரமாகிறது என்று ஒரு பிரயாணியும் முணுமுணுக்கவில்லை. சௌக்கையில் இன்ஸ்பெக்டர் ஐயா என் பெட்டியைத் திறந்து பார்த்தார். பாயைப் பார்க்கவில்லை. முத்துநாயகம் ஜன்னலண்டை வந்து நின்று அவளையே பார்த்தார். “டீச்சரம்மா, அண்ணைக்கு நான் தின்னது இந்த அக்காவுக்குள்ளதா?” என்று கேட்டார். ஆம் என்றேன். தலைப்பாகையை எடுத்துக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு போய்க் கம்பைத் தூக்கினார். பஸ் கடந்து வெகுதூரம் போகும்வரை அதைத் தாழ்த்தவில்லை. அவர் மேல் எனக்குக் குறையில்லை என்பதையும் இந்த மனுவில் சேர்த்துக்கொள்ளவும்.

11. ஆறு வாரமாக என் தங்கை என் வீட்டில் சட்டப்படி உறங்குகிறாள். வைத்தியர் புதுப் பரணி கொடுத்திருக்கிறார். அவள் உடம்பு இப்போது ஒரு பிள்ளையின் எடைதான் இருக்கும். போன ஞாயிற்றுக்கிழமை அவள் என்னிடம், “அக்கா, எனக்கு எங்க வீட்டுல கெடந்து போணும். பிள்ளைக்க சத்தம் காதுல விழணும். வலிச்சாலும் வேண்டியதில்ல, கொண்டு விடு” என்றாள். எட்டு வருஷம் மேடையேறிப் பேசியவள் நான். பேச்சை விட்டுவிட்டு இந்த மனுவை எழுத உட்கார்ந்தேன். மருந்து இருக்கும் பக்கத்தில் அவள் வீடு இல்லை. வீடு இருக்கும் பக்கத்தில் மருந்து இல்லை. நடுவில் தங்கள் கம்பு இருக்கிறது.

12. ஆகவே நான் வேண்டுவது: ஒரு ராத்தல் லேகியம், ஒரே ஒரு தடவை, என் தங்கையுடன் எல்லை கடக்கப் பெர்மிட் தர வேண்டும். அந்தப் பக்கத்து அதிகாரிகளுக்கும் ஒரு வரி எழுத வேண்டும். எந்தெந்த வஸ்து எல்லை தாண்டக் கூடாது, பெர்மிட் யாரிடம் கேட்க வேண்டும் என்று சௌக்கை வாசலில் தமிழில் ஒரு பலகை வைக்க வேண்டும். எழுத ஆள் இல்லையென்றால் எனக்கு இப்போது வேலையில்லை, நானே எழுதித் தருகிறேன். என் கையெழுத்து நன்றாக இருக்கும்.

பங்குனி தாண்டாது என்று வைத்தியர் சொல்கிறார். விசாரணை, பதில் விசாரணை, தக்க ஆதாரம் ஆகியவற்றுக்கு என் தங்கையால் நேரம் ஒதுக்க முடியாததற்காக அவள் சார்பில் மன்னிப்புக் கேட்கிறேன்.

மார்ச் 17-க்குள் உத்தரவு கிடைக்காவிட்டால், 18-ந் தேதி வெள்ளிக்கிழமை காலை பஸ்ஸில் நானும் ஜெபகனியும் புறப்படுகிறோம். பரணி என் மடியில், மூடி திறந்து இருக்கும். என்னை மறுபடி பிடிக்க வேண்டிவந்தால் பிடியுங்கள், ஜெயிலுக்கு வேண்டிய துணிகளும் எடுத்துக்கொண்டுதான் வருகிறேன். பரணியை மட்டும் அவளோடு போகவிடுங்கள்.

இப்படிக்கு,
தங்கள் உத்தரவை எதிர்பார்த்திருக்கும்,
த. சத்தியபாய்
(கையொப்பம்)

நாகர்கோவில்,
1107 மாசி 20
(1932 மார்ச் 3)