தவணை நாளும் சோளகமும்

குசினியில் தேசிக்காய் வெட்டிக்கொண்டிருந்தேன். ஊறுகாய்க்குத்தான். மணம் எழுந்ததும் கத்தியை வைத்துவிட்டு வாசலைப் பார்த்தேன். மற்றவர்களுக்குத் தேசிக்காய் மணந்தால் நாவூறும். எனக்கு நீர் நினைவில் வருகிறீர்.

எழுவைதீவிலிருந்து படகில் வரும்போது தலைசுற்றாமலிருக்க ஒரு தேசிக்காயை முகர்ந்துகொண்டே வருவீர். வழக்குக்காகக் கோட்டுக்கு வந்து, மரவாங்கில் என் பக்கத்தில் இருந்ததும் அதை என் கையில் வைப்பீர். "இந்தாங்கோ அக்கா, கடல் முழுக்க இதுக்குள்ளதான் இருக்கு" என்பீர். நாம் சொந்தமில்லை, ஒரே ஊருமில்லை. நான் கரம்பொன். விட்டுவிட்டுப் போன கணவர்மாரிடம் பிள்ளைகளின் செலவைக் கேட்டுத் தாபரிப்பு வழக்குப் போட்டவர்கள், அவ்வளவுதான். வருடக்கணக்கில் ஒரே வாங்கில் இருந்தால் அதுவே சொந்தமாகிவிடுகிறது.

வழக்குக்கு நாள் குறித்த ஒரு தவணைக்கு நீதவான் இடமாற்றம். இன்னொன்றுக்கு எதிர்ப்பக்கச் சட்டத்தரணிக்குச் சுகமில்லை. ஒருமுறை, உம்முடைய கணவர் விலாசத்தில் இல்லையென்று அழைப்பாணை திரும்பி வந்தது. நீர் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தீர்.

"அக்கா, ஆள் இப்ப பஸ் ஸ்டாண்டில நிண்டு தேத்தண்ணி குடிக்கிறார். கண்டிட்டுத்தான் வாறன்."

"அப்ப போய்க் கூட்டிக்கொண்டு வாருமன்."

"நான் கூப்பிட்டு வாற ஆளெண்டால் எனக்கேன் வழக்கு?"

அவரைவிட உமக்குப் பெரிய எதிராளி காற்று. தெற்கிலிருந்து சோளகம் மூசத் தொடங்கினால் படகு ஓடாது. அப்படியொரு நாளில்தான் உமது பெயரை மூன்று தரம் கூப்பிட்டார்கள். உம்முடைய கணவர் வெள்ளைச் சேட்டோடு வந்து நின்றார். யாழ்ப்பாணத்திலிருந்து வருகிறவருக்குக் கடல் எதற்கு, வீதி இருக்கிறதே. "மனுதாரர் சமுகமில்லை, வழக்கைத் தள்ளுபடி செய்யவேண்டும்" என்றார் அவருடைய சட்டத்தரணி. எனக்குப் பொறுக்கவில்லை. எழும்பிவிட்டேன்.

"ஐயா, கடல் விடேல்ல. படகு ஓடேல்ல. அவ வேணுமெண்டு வராமல் நிக்கிற ஆளில்ல."

பொலிஸ்காரர் இருக்கும்படி கைகாட்டினார். நீதவான் கண்ணாடிக்கு மேலால் பார்த்தார். "நீங்கள் யார்?"

நான் சட்டத்தரணி இல்லை, சாட்சி இல்லை, சொந்தம்கூட இல்லை. "நான் அவவுக்குப் பக்கத்தில இருக்கிறனான்" என்றேன். கோடே சிரித்தது. ஆனால் வழக்குத் தள்ளுபடியாகவில்லை, இன்னொரு தவணை கிடைத்தது. அதைக் கேள்விப்பட்டு வந்த நீர் என் கையைப் பிடித்துக்கொண்டு, "இனி எனக்கு நீங்கள்தான் அக்கா அப்புக்காத்து" என்றீர். சட்டம் படிக்காமலே நான் வழக்கறிஞரான கதை அது.

என் வழக்கு முடிந்துவிட்டது, தெரியுமோ? பால்மாவுக்குச் செலவு கேட்டுப் போட்டது. கட்டளை வந்தபோது மகன் சவரம் செய்யத் தொடங்கியிருந்தான். ஆறின கஞ்சி பழங்கஞ்சி. இப்போது அவனுக்குக் கொழும்பில் வேலை, வீட்டில் நான் தனி. இதைச் சொல்லிச் சிரிக்க நீர் இல்லை என்பதுதான் கஞ்சியைவிடப் பெரிய துக்கம்.

நீர் போன அன்று கடல் குளம்போலக் கிடந்ததாம். நெஞ்சு நோகுது என்றதும் படகு கிடைத்ததாம். ஆனாலும் கரை வரும்வரை நீர் தாங்கவில்லை. அடுத்த தவணையில் வழமைபோல உம்மைக் கூப்பிட்டார்கள், மூன்று தரம். வேறு யார் எழும்புவது?

"அவ மோசம் போயிட்டா, ஐயா."

நீதவான் புதியவர். நான் யாரென்று அவரும் கேட்டார். அதே பதிலைத்தான் சொன்னேன். இம்முறை ஒருவரும் சிரிக்கவில்லை. உம்முடைய கணவர் நிலத்தைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

இப்போது பிள்ளைக்காக உம் தம்பி அந்த வழக்கை நடத்துகிறார். மகள் தீவில் அவரோடுதான் இருக்கிறாள், இன்னும் படிக்கிறாள். அவளுக்காவது கஞ்சி ஆறமுன் கிடைக்கவேண்டும். நாளைக்குத் தவணை. பின்னேரம் தம்பி போன் எடுத்தார்.

"அக்கா, காத்து மூசுது. நாளைக்குப் படகு ஓடுறது ஐமிச்சம்தான்."

"நீர் யோசியாதையும். நான் போறன்."

போனை வைத்துவிட்டு வெளியே வந்தேன். பனைகள் தலையைப் போட்டு ஆட்டுகின்றன. தவணைக்கு முதல்நாள் காற்றை அறிய அவற்றைப் பார்க்கிற பழக்கம், என் வழக்கு முடிந்தும் போகவில்லை, நீர் போயும் போகவில்லை. வெட்டாத தேசிக்காய் ஒன்றைப் பைக்குள் போட்டிருக்கிறேன். பஸ்ஸில் போகிற எனக்குத் தலை சுற்றாது. ஆனாலும் இருக்கட்டும்.

நாளைக்கும் அந்த வாங்கில் சுவர்ப்பக்கமாக உமக்கு இடம் விட்டுத்தான் இருப்பேன். பெயரைக் கூப்பிட்டால் எழும்புவேன். "நீங்கள் யார்?" என்று நீதவான் கேட்டால் சொல்வதற்குப் பதில் இருக்கிறது. "உங்களுக்குப் பக்கத்தில் யார்?" என்று மட்டும் அவர் கேட்டுவிடக் கூடாது.