கறுப்பு வெள்ளையில் நாம் பார்த்த பச்சை

அம்மா, கந்தர்வக்கோட்டை பஸ் ஸ்டாண்டில் நம் முகமூடிக்காரனின் புதுப்பட போஸ்டர் ஒட்டியிருக்கிறார்கள். மழையில் நனைந்து ஒரு ஓரம் உரிந்து தொங்குகிறது. இந்தத் தடவை அவனுக்கு உடம்பெல்லாம் சாம்பல் நிறக் கவசம். அதைப் பார்த்து நின்றதில் பஸ்ஸை விட்டுவிட்டேன்.

உனக்குத் தெரிந்தவன் கவசம் போட்டதில்லை. பழைய பேப்பர் கடையில் நீ வாங்கிவந்த காமிக்ஸில் துணி உடையில்தான் வருவான். கூரைக்குக் கூரை தாவுவான், பறக்க வராது. நீ முந்திரிக்கொட்டை உடைத்துக்கொண்டே சத்தமாக வாசிப்பாய், வில்லன் பேச்சை மட்டும் இழுத்து இழுத்து. எண்ணெய் பட்டுக் கறுத்த கையால் புத்தகத்தைத் தொட மாட்டாய். நான்தான் விரித்துப் பிடிப்பேன். நீ "ம்" என்றால் பக்கத்தைத் திருப்ப வேண்டும்.

எல்லாமே கறுப்பு வெள்ளை. அவன் உடை என்ன நிறம் என்று நமக்குள் சண்டை. நான் நீலம் என்பேன்.

"போடி, பச்சை. எலைப் பச்சை. மரத்துல ஒளிஞ்சா தெரியக் கூடாதுல்ல."

"டவுன்ல ஏதும்மா மரம்?"

"அவுக ஊர்ல இருக்கும்."

கடைசியில் நானும் பச்சைக்கு மாறிவிட்டேன்.

அவனுடைய முதல் படம் டிவியில் வந்தபோது சிவப்பு உடையில் பறந்தான். "இவன் நம்ம ஆளு இல்லடி. கல்யாண மாப்ள மாதிரி மினுக்குறான்" என்றாய். அடுத்த படத்தில் உடை கறுப்பு, முகத்தில் சிரிப்பே இல்லை. "ஏன்டி, சோறு கீறு தின்னானா இல்லையா?" என்று கேட்டாய். நாம் சேர்ந்து பார்த்த கடைசிப் படம் அது. உனக்கு முடியாமல் போனதும் நான் பள்ளிக்கூடத்தை விட்டுவிட்டு உன் இடத்தில் கொட்டை உடைக்க உட்கார்ந்தேன்.

நீ போன பிறகு அவன் படம் எதையும் பார்க்கவில்லை. பார்த்தால் உன் பச்சை அழிந்துவிடுமோ என்று பயம். வீடு ஒழுகியதில் புத்தகங்களும் போய்விட்டன. அவன் என் தலைக்குள் மட்டும்தான் இருந்தான்.

போன ஞாயிறு சித்தி மகள் விடாமல் இந்தப் புதுப்படத்துக்குப் புதுக்கோட்டைக்கு இழுத்துக்கொண்டு போனாள். படம் முழுக்க அவன் வேடிக்கை பேசிக்கொண்டே சண்டை போட்டான். நானும் சிரித்தேன். வெளியே வந்து கண்ணை மூடிப் பார்த்தேன். சாம்பல்தான் தெரிந்தது.

பஸ்ஸில் அவள், "முன்னாடி எப்புடிக்கா இருப்பான்?" என்றாள்.

நாலு பேர் நடுவில் நான் வாய் திறக்க மாட்டேன், உனக்குத் தெரியும். நம் புத்தகக் கதை ஒன்றை மெதுவாகத்தான் சொல்லத் தொடங்கினேன். வில்லன் மிரட்டும் இடம் வந்தபோது என் வாயிலிருந்து உன் குரல் வந்தது, அந்த இழுவையோடு. சொல்லச் சொல்ல அவன் உடை பச்சையாகிக்கொண்டே போனது. முன்சீட்டுக்காரர் திரும்பிப் பார்த்தார்.

நான் நிறுத்தவில்லை.