எட்னாவுக்கு வசனம் வாசித்த ஞாயிறுகள்

1978 ஜனவரி 10, செவ்வாய். லீட்ஸ்

இன்று ஒத்திகையில் எட்னா மூன்று இடத்தில் தடுமாறினாள். பதினொரு வருடமாக நம் தொலைக்காட்சித் தொடரில் பஸ் டிப்போ கேன்டீன்காரி அவள்தான். தயாரிப்பும் இயக்கமும் நான். போன மாதம்வரை ஒரு சொல் பிசகியதில்லை. மாலையில் நாடகப் பிரிவுத் தலைவர் கெர்ஷா அறைக்குக் கூப்பிட்டார்.

"க்ளிஃப், அந்தம்மாவால வாராவாரம் ஸ்டுடியோ நேரம் வீணாப் போகுது. ஈஸ்டருக்குள்ள அந்தக் கேன்டீன்காரிக்கு ஒரு மாரடைப்பு வெச்சுக் கதையை முடிச்சிடுங்க."

"ஜனங்க சும்மா விடமாட்டாங்க. கடுதாசியா வந்து குவியும்."

"குவியட்டும்."

எழுத்தாளரிடம் சொல்லவில்லை. எட்னாவிடமும்தான்.

ஜனவரி 12, வியாழன்

எட்னாவிடம் சொல்லிவிடுவது என்று போனேன். பன்றிக்கறி அடைத்துச் சுட்ட தன் பலகாரத்தில் பாதியைப் பிய்த்துக் கொடுத்தாள். தின்றுவிட்டு வந்தேன்.

ஜனவரி 17, செவ்வாய்

அவள் தடுமாறுவது ஏன் என்று தெரிந்துவிட்டது. மாற்றி எழுதிய பக்கம் என்று நினைத்து, வண்டி நிறுத்துவது பற்றிய ஆபீஸ் சுற்றறிக்கையை எட்னாவிடம் நீட்டியிருக்கிறேன். முகத்தருகே வைத்துப் பார்த்தாள். "நல்லா இருக்கு ராசா. கடைசி வரிதான் கொஞ்சம் நீளம்."

எல்லாரும் டீக்குப் போனதும் கேட்டேன்: "உனக்குப் பார்வை சரியில்லையா?"

"தெரியுதே. சாம்பல் கலர்ல ஒரு கோட்டு தெரியுது. உள்ள இருக்கிறது நீதான்னு குரலை வெச்சுக் கண்டுபிடிக்கிறேன்." சிரித்தாள். பிறகு சிரிக்கவில்லை.

இரண்டு கண்ணிலும் புரை. அறுவைக்கு மருத்துவமனையில் கோடைவரை காத்திருக்க வேண்டுமாம். பக்கத்து வீட்டுப் பெண்தான் இவ்வளவு நாளும் வசனத்தை வாசித்துக் காட்டியிருக்கிறாள். கிறிஸ்துமஸோடு அவள் வீடு மாறிப் போய்விட்டாள்.

"யார்கிட்டயும் சொல்லிடாத. கண்ணு போச்சுன்னா வேலையும் போச்சும்பாங்க."

என் பிழைப்பே முகம் பார்ப்பதுதான். மேலே கட்டுப்பாட்டு அறையில் உட்கார்ந்து நாலு திரையில் அந்த முகத்தையே பார்த்துக்கொண்டிருக்கிறேன் — இது எப்படித் தெரியாமல் போனது?

ஜனவரி 22, ஞாயிறு

எட்னா வீடு. முதலில் ஈஸ்டர் விஷயத்தைச் சொன்னேன்.

"மாரடைப்பா? எனக்கா? குத்துக்கல்லாட்டம் இருக்கேன்!"

"அதைத் தடுக்கத்தான் வந்திருக்கேன். உட்காரு."

எல்லாருடைய வசனத்தையும் நானே வாசித்தேன். "இது டிரைவர் பேசுறதா, பாதிரியார் பிரசங்கமா? உன்னைக் கேமராவுக்குப் பின்னால நிறுத்தினவர் நல்லா இருக்கணும்" என்றாள். நடுவே ஆட்டுக்கறி, உருளைக்கிழங்கு. இருட்டுவதற்குள் பாகம் முழுக்க அவளுக்குப் பாடம்.

நடிகர்கள் நிற்கும் இடத்தில் தரையில் வெள்ளை நாடா ஒட்டுவது வழக்கம். அது தெரியாமல்தான் வெளிச்சத்தைவிட்டு விலகி நின்றிருக்கிறாள். நாளைக்கே அங்கே மெல்லிய மரச்சட்டம் அடிக்கச் சொல்ல வேண்டும். கால் கண்டுகொள்ளும்.

ஜனவரி 27, வெள்ளி

பதிவு. மனைவி விட்டுப்போன டிரைவருக்கு எட்னா சாப்பாடு போட்டு ஆறுதல் சொல்லும் காட்சி. ஒரே டேக். இரண்டாம் கேமராவிடம் "அவளை விட்டு நகராதே" என்று மட்டும் சொன்னேன்.

எட்னா சம்மதித்ததால் கெர்ஷாவிடம் கண் விஷயத்தைச் சொன்னேன். மோவாயைத் தடவினார். "முதல்லயே சொல்றதுக்கென்ன? ஆபரேஷன் ஆகட்டும். மாரடைப்பை வேற யாருக்காவது குடுத்துக்கலாம்."

மார்ச் 5, ஞாயிறு

தொண்டை கட்டிக்கொண்டது. ஆனாலும் போனேன். எலுமிச்சையும் தேனும் போட்டுக் கொடுத்து, "இன்னிக்குத்தான் டிரைவர் மாதிரி பேசுற" என்றாள். வாசித்து முடித்தும் வெகுநேரம் இருந்தேன். மனைவி ஜோன் இறந்ததிலிருந்து என் வீட்டில் ஞாயிறு என்றால் துணி துவைப்பது, அவ்வளவுதான்.

ஜூலை 2, ஞாயிறு

அறுவை முடிந்து கண் கட்டைப் பிரித்துவிட்டார்கள். சோடாபுட்டிக் கண்ணாடி. என்னையே உற்றுப் பார்த்தாள்.

"அட, இவ்வளவு கிழவனாயிட்டியா?"

"நீ மட்டும் குமரியா?"

கேன்டீன்காரிக்கும் இனி அதே கண்ணாடிதான், கெர்ஷா ஒப்புக்கொண்டார். எல்லாம் நல்லபடி. கோட்டை மாட்டிக்கொண்டு, "இனிமே நீயே படிச்சுக்கலாம்" என்றேன். "ஆமா" என்றாள்.

பஸ்ஸில் வரும்போது இறங்க வேண்டிய நிறுத்தத்தைத் தவறவிட்டேன். ஐம்பத்தொன்பது வயசில் இதென்ன? அப்படிச் சொல்லிட்டு வரணுமா, முட்டாள்!

ஜூலை 9, ஞாயிறு

துணி துவைத்துக்கொண்டிருந்தேன். தொலைபேசி.

"எங்க இருக்க? கறி ஆறிப்போகுது."

"நீதான் இப்போ படிச்சுக்கிறியே..."

"படிச்சு முடிச்சாச்சு. படிக்கிறதுக்கும் சாப்பிடறதுக்கும் என்னப்பா சம்பந்தம்?"

ஈரத்துணியை அப்படியே போட்டுவிட்டு ஓடினேன்.

1979 மார்ச் 17, சனி

என் வீட்டை வாங்கியவரிடம் சாவியைக் கொடுத்தாயிற்று. எட்னா தன் அலமாரியில் எனக்கு இரண்டு தட்டு ஒழித்துத் தந்தாள். "மூணாவது வேணும்னா உன்னோட அந்தப் பழைய ஸ்கிரிப்ட் மூட்டையைத் தூக்கிப் போடு."

அத்தனை வருடத்துக் காகிதம். போட்டேன்.