சத்தமில்லாமல் பேசிய அக்கா

மார்ச் 4, செவ்வாய்

கடையில் கூட்டமில்லை. காலையில் ஒரு டீச்சரம்மா தன் காது மெஷினைக் கொண்டுவந்து, "செத்துப்போச்சு" என்று மேஜைமேல் வைத்தார். பார்த்தால் ஓட்டையில் அழுக்கு அடைத்திருந்தது. சின்ன பிரஷ்ஷால் சுத்தம் செய்து கொடுத்தேன். மாட்டியவுடன், "அட, உயிர் வந்துடுச்சே!" என்றார். நான் சிரித்தேன். அவர் போன பிறகு மாமா பிடித்துக்கொண்டார்.

"இப்ப நல்லாக் கேக்குதான்னு ஒரு வார்த்தை கேட்டா என்ன? வாயில இருக்கிற முத்து உதிர்ந்துடுமா?"

கேட்கத்தான் நினைத்தேன். நான் நினைத்து முடிப்பதற்குள் ஆட்கள் படியிறங்கிப் போய்விடுகிறார்கள்.

மாமா அம்மாவுக்குத் தம்பி, எனக்கு முதலாளி. காலை பத்து மணிவரை மாமா, பத்துக்கு மேல் முதலாளி. எப்போது எது என்று முகத்தைப் பார்த்தாலே தெரியும்.

மார்ச் 5, புதன்

அக்கா நேற்று அம்மாவிடம் அரைமணி நேரம் பேசினாளாம். எல்லாம் என்னைப் பற்றித்தான். வெளியூரில் அவள் நர்ஸாக இருக்கும் ஆஸ்பத்திரிக்குப் பக்கத்தில் ஒரு டுடோரியல் இருக்கிறது, பள்ளியை விட்டவர்களுக்குப் பரீட்சை எழுதச் சொல்லித்தருகிறார்கள், என்னை அங்கே சேர்க்க வேண்டும் என்கிறாள். அவளும் இன்னும் மூன்று நர்ஸுகளும் இருக்கும் அறையில் எனக்கும் ஒரு பாய் போட்டுவிடுவாளாம்.

அம்மா என்னிடம் இதைச் சொல்லிவிட்டு என் முகத்தையே பார்த்தாள். நான் தட்டைக் கழுவப் போய்விட்டேன்.

பள்ளியை விட்டதற்குப் பெரிய கதை ஒன்றும் கிடையாது. அம்மாவுக்கு ஆபரேஷன் ஆனபோது வீட்டில் இருந்தேன். திரும்பிப் போனால் என்னோடு படித்தவர்கள் மேல் வகுப்புக்குப் போயிருந்தார்கள். சின்னப் பெண்களுக்கு நடுவில், முட்டி பெஞ்சில் இடிக்க உட்கார்ந்திருந்தேன். யாரும் அடிக்கவில்லை, திட்டவில்லை. ஒருநாள் போகவில்லை. மறுநாளும் போகவில்லை. அப்படியே நின்றுவிட்டது.

மார்ச் 6, வியாழன்

மாமா இன்று மறுபடியும் லேப்டாப் பாடம் நடத்தினார். புது மெஷின்கள் எல்லாம் கம்பியில்லாமல் லேப்டாப்போடு சேர்ந்துகொள்கின்றன. ஒருவருக்கு வேலை முடிந்ததும் மேல் வரிசையில் விமானப் படம் போட்ட பட்டனை அழுத்திவிட வேண்டும். வைஃபை, புளூடூத் எல்லாம் ஒரே அழுத்தில் அணைந்துவிடும். அணைக்காவிட்டால் லேப்டாப்பில் வரும் சத்தம் முன்னால் வந்தவர் காதுக்கே போகும். போன மாதம் அப்படித்தான், ஒருவர் பக்கத்துக் கடையில் டீ குடித்துக்கொண்டிருந்தபோது காதுக்குள் செய்தி வாசித்திருக்கிறார்கள். டீயை மடியில் கொட்டிக்கொண்டார்.

"ஆள் எழுந்தா பட்டன். என்ன?"

"ம்."

"ம் இல்ல. சொல்லு."

"ஆள் எழுந்தா பட்டன்."

மார்ச் 7, வெள்ளி

இன்று நடந்ததை வரிசையாக எழுதினால்தான் எனக்கே புரியும்.

ரிட்டையர் ஆன பஸ் டிரைவர் ஐயா புது மெஷின் மாட்ட வந்தார். மாமா அவருக்கு 'ஹாரன்' என்று பெயர் வைத்திருக்கிறார். காது கேட்காததால் அவர் மெதுவாகப் பேசினாலே தெருமுனைக்குக் கேட்கும். மாமா மெஷினைச் சரிசெய்து, லேப்டாப்போடு சேர்த்து, செய்தி போட்டுக் காட்டினார். "கேக்குதுய்யா! மூக்குறிஞ்சறது கூடக் கேக்குது!" என்று ஹாரன் ஐயா நாற்காலியைத் தட்டினார். அப்புறம் இருவரும் முன்னறைக்குப் போனார்கள். கூட்டிப்போக அவர் மகள் வரவேண்டும்.

ஆள் எழுந்தார். நான் பட்டனை அழுத்தினேன். அதில் தப்பில்லை.

அப்போது என் போனில் அக்கா. 'லேப்டாப்ல வா. உன் முகத்தப் பாத்துப் பேசணும்.' முன்னறைக்குக் கேட்டுவிடப் போகிறதே என்று காது சோதிக்கும் அறைக்குள் லேப்டாப்பை எடுத்துப்போய்க் கதவைச் சாத்தினேன். சுவர் முழுக்கப் பஞ்சு ஒட்டிய அறை. உள்ளே இருந்தால் வெளியில் இடி விழுந்தாலும் தெரியாது. வைஃபை வேண்டுமே என்று விமானப் பட்டனை மறுபடி அழுத்தினேன்.

அணையும்போது எல்லாம் சேர்ந்து அணைந்தது என்றால் வரும்போதும் சேர்ந்துதானே வரும்? அது ஏன் எனக்குத் தோன்றவில்லை?

அக்கா திரையில் வந்தாள். நைட் டியூட்டி முடிந்த முகம், கையில் டம்ளர். வாய் அசைந்தது. சத்தமே இல்லை. "அக்கா, சத்தம் வரல" என்றேன். அவள் நிறுத்தவில்லை. பேசிக்கொண்டே போனாள், கையை ஆட்டினாள், சிரித்தாள், ஒரு விரலை நீட்டி மிரட்டினாள். இன்னொரு தடவை சொல்லியிருக்கலாம். எவ்வளவு களைத்திருக்கிறாள், எப்படியும் ராத்திரி அம்மாவிடம் இதையே சொல்வாள், அப்போது கேட்டுக்கொள்ளலாம் என்று விட்டுவிட்டேன். அக்கா பேசினால் என் தலை தானாக ஆடும். சின்ன வயதிலிருந்தே அப்படித்தான். ஆடிக்கொண்டே இருந்தது.

அக்கா முடிவில் கையசைத்துக்கொண்டிருக்கும்போதே லேப்டாப்போடு கதவைத் திறந்து வெளியே வந்தால் முன்னறையில் மாமா நின்றுகொண்டிருக்கிறார். ஹாரன் ஐயா இரண்டு காதையும் பிடித்துக்கொண்டு கத்துகிறார்:

"யாரோ ஒரு பொண்ணு என் காதுக்குள்ள பேசுதுய்யா! முதல் தேதி சேரணுமாம்! துணியெல்லாம் எடுத்து வைக்கணுமாம்! மாமாகிட்ட இப்ப சொல்லாத, நான் வந்து சொல்லிக்கறேங்குது! எந்த மாமாய்யா? எனக்கு எந்தத் துணி?"

மாமா என்னைப் பார்த்தார். லேப்டாப்பைப் பார்த்தார். கையை நீட்டிப் பட்டனை அழுத்தினார்.

"போயிடுச்சு!" என்றார் ஹாரன் ஐயா. பாவம், அவர் குரலில் கொஞ்சம் வருத்தம்கூட இருந்தது.

மார்ச் 8, சனி

மாமா திட்டவில்லை. திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

மார்ச் 10, திங்கள்

கண்ணாடிக் கதவில் அட்டை தொங்குகிறது. 'உதவிக்குப் பெண் தேவை.' மாமாவின் கையெழுத்து, 'உதவி'யில் 'வி' எப்போதும் போல் சாய்ந்திருக்கிறது.

"உனக்கு நல்லதுன்னா நான் குறுக்க நிப்பேனா? என்கிட்ட மறைக்கணும்னு ஏன் தோணுச்சு, அதுதான்…" என்று ஆரம்பித்தார். போன் வந்தது. பேசிவிட்டு வந்து அந்தப் பேச்சைத் தொடரவில்லை.

நான் மறைக்கவே இல்லை மாமா. அக்கா என்ன சொன்னாள் என்றே எனக்குத் தெரியாது. அந்தச் செய்தி உங்களுக்குத்தான் முதலில் வந்தது. ஹாரன் ஐயாவுக்கு அதற்கும் முன்னால்.

இதைச் சொல்ல எவ்வளவு நேரம் ஆகும்? எழுதினால் இரண்டு வரி. ஆனால் மாமா எதிரில் வந்தால் பிரஷ்ஷை எடுத்துக்கொண்டு மெஷினைத் துடைக்கப் போய்விடுகிறேன். சனியன்.

மார்ச் 11, செவ்வாய்

அம்மா பரணிலிருந்து பையை இறக்கித் தட்டி வெயிலில் வைத்திருக்கிறாள். சலவைக்கடையில் வேலை செய்யும் அவள் கைக்கு என் துணிகளை மடிக்க எவ்வளவு நேரமாகும்? இப்போதே பாதி மடித்துவிட்டாள்.

"இப்பவாவது சரின்னு தலையாட்டினியே. அக்கா சொன்னா. சொல்லும்போதே அழுதுட்டா, தெரியுமா?"

"அம்மா…"

"என்ன?"

"ஒண்ணுமில்ல."

ஒண்ணுமில்லையா? ஏன்டி, ஒண்ணுமில்லையா? நாளைக்கு உன்னை பஸ்ல ஏத்தி உக்கார வெச்சாலும் ஒண்ணுமில்லேன்னுதான் சொல்லுவியா?

மார்ச் 12, புதன்

அமைதியாக யோசித்துப் பார்த்தேன். அழாமல்.

படிக்கவே மாட்டேன் என்று இல்லை. சில நாள் பழைய கணக்குப் புத்தகத்தை எடுத்துப் பார்க்கிறேன், பிடிக்கத்தான் செய்கிறது. அங்கே போக வேண்டாம் என்றுதான் இருக்கிறது. அக்காவின் ஊரில் நான் அக்காவின் தங்கை. வாயைத் திறக்கவே வேண்டியிருக்காது, எல்லாவற்றையும் அவளே பேசிவிடுவாள். சுகம்தான். அதனால்தான் பயமாக இருக்கிறது.

இங்கே மெஷினை மாட்டிய உடனே ஒவ்வொருவர் முகமும் ஒரு மாதிரி ஆகும். சிலர் சுற்றிலும் பார்ப்பார்கள், மின்விசிறி இவ்வளவு சத்தம் போடுமா என்பதுபோல. ஒரு தாத்தா தன் சட்டையை விரலால் தேய்த்துத் தேய்த்துக் கேட்டுக்கொண்டே இருந்தார். அந்த நிமிஷம் நான் எதிரில் உட்கார்ந்திருக்கிறேன். அதைவிட்டுப் போக எனக்கு மனசில்லை. இதை ஆசை என்று சொன்னால் யாராவது ஒத்துக்கொள்வார்களா?

மார்ச் 13, வியாழன்

மாமாவிடம் சொல்ல இன்று சரியாக ஒரு சந்தர்ப்பம் வந்தது. அவர் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். நான், "மாமா, ஊறுகாய் வேணுமா?" என்றேன்.

மார்ச் 15, சனி

மாமா பார்சல் எடுக்கப் போயிருந்தார். கடையில் நான் மட்டும். கதவு திறந்தது. என்னைவிடக் கொஞ்சம் பெரிய பெண், தலையில் ஈரம் காயாமல் ஓடிவந்திருந்தாள்.

"வேலைக்கு ஆள் வேணும்னு போட்டிருக்கே? எனக்கு கம்ப்யூட்டர் தெரியும், நல்லாப் பேசுவேன். முன்னாடி செருப்புக் கடையில இருந்தேன். அங்க முதலாளியே, 'நீ பேசினா வெறுங்கால்ல நடக்கிறவனும் ரெண்டு ஜோடி வாங்குவான்'னு சொல்லுவாரு. முதலாளி எப்ப வருவாரு? உக்காரட்டுமா?"

என் நாற்காலியில் உட்கார்ந்தாள். தெரியாமல்தான். நல்ல பெண். இவளை மாமாவுக்குப் பிடித்துவிடும் என்று எனக்கு உடனே தெரிந்தது. வருபவர்களிடம் நல்லாக் கேக்குதா, வீட்டில் எல்லாரும் சௌக்கியமா என்று எல்லாம் கேட்பாள்.

"வேலை…" என்றேன்.

"ஆமா, வேலைக்குத்தான்."

"இல்லை. வேலை காலியில்லை."

"போர்டு தொங்குதே?"

"அது… தப்பு. ஆள் இருக்கு."

"இருக்கா? யாரு?"

என் நெஞ்சைத் தொட்டுக் காட்டினேன். அவள் என்னை மேலும் கீழும் பார்த்தாள். "நீயா? அப்ப ஏன் போர்டு?" என்றாள். பதிலுக்குக் காத்திருந்தாள். உண்மையிலேயே காத்திருந்தாள், நான் நினைத்து முடிக்கும்வரை படியிறங்கவில்லை.

"நான் போறேன்னு நினைச்சுட்டாங்க. போகல."

"அதச் சொல்ல வேண்டியதுதானே அவங்ககிட்ட!" என்று எழுந்தாள். "பஸ் காசு போச்சு போ" என்று சிரித்தாள். மனசு கஷ்டமாக இருந்தது. அவள் போனதும் அட்டையைக் கழற்றினேன்.

மாமா வந்தார். கதவைப் பார்த்தார்.

"அட்டை எங்க?"

"எடுத்துட்டேன்."

"யாராவது வந்தாங்களா?"

"வந்தாங்க. நல்லாப் பேசுற பொண்ணு. அனுப்பிட்டேன்."

மாமா முகம் முதலாளி முகமானது. "யாரக் கேட்டு அனுப்பின?"

"நான் போகல மாமா." எவ்வளவு சின்ன வாக்கியம். "அக்காகிட்ட போகல. மறைக்கவும் இல்ல."

"அப்ப அன்னிக்கு அவகிட்ட சரின்னு ஏன் தலையாட்டின?"

"சத்தம் வரல மாமா."

"என்னது?"

"அக்கா பேசினதெல்லாம் ஹாரன் ஐயா காதுக்குப் போயிடுச்சு. எனக்கு வாய் அசையறதுதான் தெரிஞ்சுது. அவ பேசினா நான்… தலையாட்டுவேன்."

மாமா பார்சலைத் தரையில் வைத்துவிட்டு, வாடிக்கையாளர் நாற்காலியில் போய் உட்கார்ந்து சிரிக்க ஆரம்பித்தார். கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார். "காதுக் கடையில வேலை பாத்துக்கிட்டு… காதே கேக்காம… பூம்பூம் மாடு மாதிரி…" முடிக்க முடியவில்லை. எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது. அப்புறம் அழுகையும்.

"சரி, அந்தப் பொண்ணு பேர் நம்பர் ஏதாவது வாங்கினியா? நல்லாப் பேசுறவளாமே."

"வாங்கல."

"வாங்கியிருக்க மாட்ட" என்றார். அது மாமா முகம்.

மார்ச் 16, ஞாயிறு

மாமா கணக்கு முடிந்துவிட்டது. அக்கா கணக்கு பாக்கி. மாமா, "நான் வேணா சொல்லட்டுமா?" என்றார். வேண்டாம் என்றேன். அவர் சொன்னால் அது மாமா சொன்னதாகத்தான் இருக்கும்.

கடை விடுமுறை. இருந்தும் போய்த் திறந்து, லேப்டாப்பில் புளூடூத்தை மட்டும் தனியாக அணைத்தேன். பாட்டு ஒன்று போட்டுச் சத்தம் வருகிறதா என்று பார்த்தேன். வந்தது. அக்காவைக் கூப்பிட்டேன். அம்மாவும் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள்.

நடந்ததைச் சொன்னேன். அக்கா நம்பவில்லை. "சத்தம் வரலேன்னா சொல்ல வேண்டியதுதானேடி?"

"சொன்னேன்."

"எப்பச் சொன்ன? நீ சொல்றது உனக்கே கேக்காது!" அப்புறம் கோபம் வந்தது. சீட்டுக்குச் சொல்லிவைத்தது, கூட இருக்கும் நர்ஸுகளிடம் கெஞ்சி இடம் கேட்டது எல்லாவற்றையும் சொன்னாள். ஒவ்வொன்றும் நியாயம்தான். என் கழுத்து தானாக அசையப் பார்த்தது. மேஜையைப் பிடித்துக்கொண்டு தலையை ஆட்டாமல் உட்கார்ந்திருந்தேன். இவ்வளவு கஷ்டமான வேலையை நான் செய்ததே இல்லை.

"வரமாட்டேன்கா. இங்கேர்ந்தே பரீட்சை எழுதறேன். புத்தகம் மட்டும் அனுப்பு."

அக்கா பேசவில்லை. சத்தம்தான் போய்விட்டதோ என்று பயந்து பட்டனைப் பார்த்தேன். இல்லை, அவள் அறையில் மின்விசிறி ஓடும் சத்தம் கேட்டது. அவள் சும்மாதான் இருந்தாள். அக்கா சும்மா இருந்து நான் பார்த்ததில்லை.

"யோசிச்சுத்தான் சொல்றியா?"

"ஆமா."

"அம்மா, நீ சொல்லிக்குடுத்தியா?"

"நான் பையையே கட்டிட்டேன்டி" என்றாள் அம்மா. "எனக்கென்ன தெரியும்?"

மார்ச் 17, திங்கள்

அம்மா துணிகளை எடுத்து அலமாரியில் வைத்தாள். சாப்பிடும்போது, "உனக்கு வேண்டாம்னா வேண்டாம்னு எனக்கு எப்படித் தெரியும், நீ சொன்னாத்தானே" என்றாள்.

மார்ச் 22, சனி

அக்கா பேசவில்லை. அம்மாவிடம் பேசுகிறாள், என்னை விசாரிப்பதில்லை. வலிக்கிறது. ஆனால் 'வருகிறேன்' என்று சொல்லிவிடலாமா என்று ஒரு தடவைகூடத் தோன்றவில்லை.

ஏப்ரல் 20, ஞாயிறு

அக்கா இரண்டு நாள் லீவில் வந்திருக்கிறாள். வந்ததும் என் தலையில் ஒரு குட்டு. பிறகு பையைத் திறந்து புத்தகங்களை எடுத்துக் கட்டில்மேல் போட்டாள். "இதுல சந்தேகம் வந்தா போன் பண்ணு. பண்ணலேன்னா உதை." எல்லாப் புத்தகத்திலும் முதல் பக்கத்தில் என் பெயரை அவளே எழுதி வைத்திருக்கிறாள். அக்காவை மாற்ற முடியாது.

ஏப்ரல் 22, செவ்வாய்

காலையில் அக்காவை பஸ் ஏற்றிவிட்டேன். ஜன்னலோரம் இடம் பிடித்துக் கொடுத்தேன். "நீயும் வந்திருக்கலாம்" என்றாள். "தெரியும்கா" என்றேன். கையைப் பிடித்துக்கொண்டிருந்தாள், பஸ் நகர்ந்ததும் விட்டாள்.

நேரே கடைக்கு வந்தேன். மாமா வரத் தாமதமாகும். படியில் ஒரு அம்மா காதில் கைவைத்தபடி உட்கார்ந்திருந்தார். ஷட்டரைத் தூக்கினேன்.

"கடையில யாரும் இல்லியாம்மா?"

"நான் இருக்கேன். உள்ள வாங்க. எந்தக் காது?"