நீக்கிய ஒரு நிமிடம்

என் தங்கத்துக்கு,

மூன்று மாதமாக நீ என் போனை எடுக்கவில்லை. அதனால் எழுதுகிறேன்.

நீ சமையலறையில் தனியாக ஆடியதை உனக்குத் தெரியாமல்தான் படம் பிடித்தேன். முதுகு போய் நடன மேடையை விட்ட எனக்கு, என் ஆட்டம் உன் உடம்பில் திரும்பி வந்ததுபோல் இருந்தது. ஆறு வருடமாக எடுத்த என் ஆவணப்படத்தை அந்தக் காட்சியோடு முடித்தேன். முதல் தடவை போட்டுக் காட்டியபோது நீ கேட்டாய்: “அம்மா, நான் உனக்கு மகளா, இல்ல ஒரு ஷாட்டா?”

போன மாதம் அந்த ஒரு நிமிடத்தை வெட்டிவிட்டேன். எடிட்டர் தலையில் கை வைத்துக்கொண்டார். “அது இல்லன்னா படமே இல்லைங்க. திரைப்பட விழாவுல படத்தை எடுத்துக்கிட்டதே அதுக்காகத்தான்.” அவர் சொன்னபடியே விழாக்காரர்கள் படத்தை வேண்டாம் என்றுவிட்டார்கள். இன்னொரு படம் எடுக்க எனக்குத் தெம்பில்லை.

இதைச் சொல்லத்தான் நேற்று உன் ஒத்திகைக் கூடத்துக்கு வந்தேன். ஜன்னல் வழியே நீ சுழல்வது தெரிந்தது. அவ்வளவு அழகு. அடுத்த நொடி என் கை தானாகப் பைக்குள் போய்க் கேமராவைத் தேடியது.

கதவைத் தட்டாமல் திரும்பிவிட்டேன். என்னை நானே நம்ப முடியவில்லை. ஒரு தடவை வீட்டுக்கு வா. வந்து இந்தக் கேமராவை எடுத்துக்கொண்டு போய்விடு.

அம்மா